சங்கத்து வளையமும் குண்டூசிப் பூவும்

ஊட்டிக்குப் போய் வருகிறவர்கள் வர்க்கி வாங்கி வருவார்கள். தைலம் வாங்கி வருவார்கள். ஒன்றும் முடியாதவர்கள் ஒரு கிலோ கேரட்டாவது வாங்கி வருவார்கள். அம்பத்தூர் எஸ்டேட்டில் லேத் ஓட்டிக்கொண்டிருந்த என் கணவர், பட்டறை ஆட்களோடு பஸ் பேசிச் சுற்றுலா போய்விட்டு வந்து, பையைத் துழாவி ஒரு விதைப் பொட்டலத்தை நீட்டினார்.

"தைலம் எங்கங்க?" என்றேன். எனக்கு அப்போது தீராத தலைவலி.

"தைலம் தேச்சா போயிடும்மே. இது பூ. படத்த பாரு, எப்டி கீது."

திட்டுவதற்காக வாயைத் திறந்தவள் படத்தைப் பார்த்ததும் மூடிக்கொண்டேன். வெள்ளைப் பூ. ஓரத்தில் சுருக்கம் வைத்துத் தைத்தது போல இதழ்கள், நடுவே உப்பிய வெள்ளை மேடு, அதில் குத்தி நிறுத்திய மாதிரி சின்னச் சின்னக் கொண்டைகள். பின்குஷன் பூ என்று இங்கிலீஷில் போட்டிருந்தது. இவர் அதற்குக் குண்டூசிப் பூ என்று பெயர் வைத்துவிட்டார், பிறகு எங்கள் வீட்டில் அதுவே நிலைத்தது.

என் அம்மா தையல்காரி. பழைய வெள்ளைத் துணியில் பஞ்சை அடைத்து அவளே தைத்த குண்டூசி மெத்தை ஒன்று எந்நேரமும் அவள் இடது மணிக்கட்டில் இருக்கும். சாப்பிடும்போதுகூடக் கழற்றமாட்டாள். சின்ன வயதில் அவளைக் கட்டிப்பிடிக்கப் போகும் ஒவ்வொரு முறையும் எனக்குக் குத்தியிருக்கிறது. அந்த அம்மா இறந்து அப்போது ஒரு வருஷம்கூட ஆகவில்லை. அதனால்தான் தைலம் வாங்காதவர் அன்று தப்பித்தார்.

அம்மாவின் அடக்கத்தைப் பற்றிச் சொல்லாவிட்டால் இந்தக் கதை புரியாது. எங்கள் சபையின் பெண்கள் சங்கத்துக்கென்று ஒரு மலர் வளையம் இருந்தது. பிளாஸ்டிக். யார் இறந்தாலும் சங்கத்துச் செயலாளர் அக்கா அதைப் பாலித்தீன் உறையிலிருந்து எடுத்துவந்து பெட்டியின் மேல் வைப்பார். ஜெபம் முடிந்து பெட்டியைக் குழிக்குள் இறக்கும் முன் பத்திரமாகத் திருப்பி எடுத்துக்கொள்வார். ஈரத்துணியால் துடைத்து, உறைக்குள் போட்டு, அடுத்த ஆளுக்காக வைத்திருப்பார். அம்மாவுக்கும் அதுதான் வந்தது. அவசர அவசரமாக நடந்த அடக்கம், வேறு பூவுக்கு ஆள் அனுப்ப நேரமில்லை. ஒரு ரோஜாவில் விலைச்சீட்டின் பசை கறுப்பாய் ஒட்டியிருந்தது. அதை எடுக்கும்போது கம்பி ஒன்று பெட்டியின் துணியில் மாட்டிக்கொண்டது. அக்கா இழுத்தார், வரவில்லை. ஒரு காலை ஊன்றி இன்னும் பலமாக இழுத்தார். அம்மாவே எழுந்து வந்தாலும் வருவாள், வளையத்தை விடமாட்டேன் என்கிற மாதிரி இழுத்தார். எனக்கு அழுகை வந்ததா, சிரிப்பு வந்ததா, கோபம் வந்ததா என்று இன்றுவரை தெரியவில்லை. மற்ற இரண்டும் அடங்கிவிட்டன, கோபம் மட்டும் நின்றது.

மழை ஓய்ந்த டிசம்பரில் விதைத்தோம். திருமுல்லைவாயல் பக்கம் புதிதாக மனை போட்ட இடத்தில் எங்கள் வீடு. வீட்டைக் கட்டி முடித்ததில் கையிருப்பு தீர்ந்து, சுற்றுச்சுவர் இடுப்பளவோடு நின்றுவிட்டது. "அப்பால ஒசத்திக்கலாம்" என்றார் இவர். அது இன்றைக்கும் இடுப்பளவுதான். சுவருக்கும் வாசற்படிக்கும் நடுவே உள்ள இடத்தில் இரண்டு லோடு செம்மண் அடித்து, இவர் பாத்தி கட்டினார். லேத்காரர் பாத்தி கட்டினால் எப்படி இருக்கும்? நூல் பிடித்து, ரசமட்டம் வைத்து, மண்ணைச் சுரண்டிச் சுரண்டி மட்டமாக்கினார். எதிர்வீட்டில் வேலை செய்துகொண்டிருந்த கொத்தனார் வேலையை விட்டுவிட்டு வந்து பார்த்தார்.

"இன்னா சார், தளம் போடப் போறீங்களா?"

நாற்றுகளை ஜனவரியில் பிரித்து நட்டோம். சுவரையொட்டி ஒரு வரிசை, உள்ளே மூன்று வரிசை. எனக்கு நம்பிக்கை வந்துவிட்டது. நம்பிக்கை வந்தால் எனக்கு வாய் சும்மா இருக்காது.

எங்கள் சபையில் ஒவ்வொரு ஞாயிறும் பீடத்தில் வைக்கும் பூ ஒரு குடும்பத்தின் முறை. பிறந்தநாள், திருமண நாள், இறந்தவர் நினைவு என்று எதற்காவது கொடுப்பார்கள். அறிவிப்பில் போதகர் அதை வாசிப்பார். ஆராதனை முடிந்ததும் அந்தப் பூவை யாராவது ஒரு வியாதியஸ்தர் வீட்டுக்குக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும், அது வழக்கம். ஈஸ்டர் மட்டும் சங்கத்தின் பொறுப்பு. சங்கம் என்றால் செயலாளர் அக்கா. அக்கா என்றால் பிளாஸ்டிக் லில்லி.

ஜனவரி கூட்டத்தில் எழுந்து நின்று சொல்லிவிட்டேன். "இந்த வருஷம் ஈஸ்டருக்குப் பீடத்துப் பூ எங்க வீட்லேர்ந்து வரும். எங்கம்மா ஞாபகமா. எல்லாம் நிஜப் பூ. என் தோட்டத்துப் பூ."

அக்கா பாளையங்கோட்டைக்காரர். என்னை மேலும் கீழும் பார்த்தார். "ஏளா, போன வருஷம் ஈஸ்டர் மார்ச்சுல வந்துட்டு. இந்த வருஷம் ஏப்ரல் பாதிக்கு மேலல்லா வருது. அந்த வெயில்ல நம்ம மண்டையே கருகிப் போவும், பூ எங்க நிக்கும்? காலண்டரப் பாத்தியா இல்லியா?"

நான் பார்க்கவில்லை. "பாத்துட்டுதான் சொல்றேன்" என்றேன்.

"சரி. எதுக்கும் லில்லிய கழுவி வைக்கேன்" என்றார் அக்கா. கூட்டம் முழுக்கச் சிரித்தது. வீட்டுக்கு வந்து காலண்டரைப் பார்த்துவிட்டு, ஊட்டியில் தைலம் வாங்காத மனிதரை ஒரு மூச்சுத் திட்டினேன்.

முதல் பூ எப்போது விரிந்தது தெரியுமா? சாம்பல் புதனுக்கு மறுநாள். லெந்து காலம் தொடங்கிவிட்டது. தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன்: லெந்து என்றால் ஈஸ்டருக்கு முந்தைய தபசு நாட்கள். பீடத்தில் பூ கிடையாது. தலையில் பூ கிடையாது. கல்யாணம் கிடையாது. எங்கள் தெருவில் இருந்த சபைக் குடும்பங்கள் அத்தனையும் பூ வைக்காத தலையோடு கோயிலுக்குப் போய்வந்த அந்த நாட்களில், என் தோட்டம் கொஞ்சமும் வெட்கமில்லாமல் பூத்துத் தள்ளியது. இப்படியொரு பூ இந்தப் பக்கத்தில் யாரும் பார்த்ததில்லை. ஸ்டேஷனுக்குப் போகிறவர்கள் நின்று பார்த்துவிட்டு ரயிலைத் தவறவிட்டார்கள்.

ஒரு பூவைக்கூடப் பறிக்கவிடவில்லை நான். ஒவ்வொன்றும் ஈஸ்டருக்கு. இன்று பறித்தால் அன்று குறையும், இதில் யோசிக்க என்ன இருக்கிறது? வெயில் ஏற ஏற இவருடைய வேட்டிகள் நான்கையும் மூங்கில் நட்டுப் பந்தலாகக் கட்டினேன். சாக்கை நனைத்துத் தொங்கவிட்டேன். குளித்த தண்ணீர், அரிசி கழுவிய தண்ணீர் எல்லாம் அங்கேதான். இவர் ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்குப் பேன்ட் போட்டுக்கொண்டு வந்தார். ஏன் என்று போதகர் விசாரித்தார்.

"என் வேட்டி எல்லாம் செடிக்குக் குட பிடிச்சிகினு கீது ஐயா" என்றார் இவர்.

இப்படி இருக்கும்போதுதான் ஒருநாள், சுவரையொட்டிய வரிசையில் பூக்கள் குறைவதைக் கவனித்தேன். காம்புகள் சுத்தமாக வெட்டப்பட்டிருந்தன. ஆடு இப்படி வெட்டாது. மறுநாள் விடியும் முன்பே எழுந்து கதவிடுக்கில் நின்றேன். பால் வாங்கப் போகிற நேரத்தில் ஒரு குரங்குக் குல்லா சுவரோரம் வந்து நின்றது. மார்ச் மாதத்தில் குரங்குக் குல்லா! அடுத்த தெருவில் தனியாக இருந்த, ரயில்வேயில் ஓய்வு பெற்ற மாமா. ஒரு கையில் ஒயர் கூடை, இன்னொரு கையில் நகவெட்டி. சுவருக்கு மேலாக எட்டி, பூவின் தலையைச் செல்லமாக நிமிர்த்தி, நகவெட்டியால் நறுக்கென்று வெட்டினார்.

"திருடன்! திருடன்!" என்று கத்திக்கொண்டே பாய்ந்தேன். அவர் ஓடவில்லை. கூடையைப் பின்னால் மறைத்துக்கொண்டு நின்றார், அவ்வளவுதான்.

"பிள்ளையாருக்கும்மா. ஸ்டேஷன் ரோடு முனைப் பிள்ளையார். தெனம் நான்தான் பூ வைக்கிறேன். வெள்ளைப் பூ எங்கயும் கெடைக்கலை."

"உங்க பிள்ளையாருக்கு அருகம்புல் போதாதா? நான் பீடத்துக்கு வெச்சிருக்கேன்! எங்கம்மாவுக்கு வெச்சிருக்கேன்!"

அவர் முகம் சுருங்கிவிட்டது. "தெரியாதும்மா. வீணாத்தான் போகுதுன்னு நெனச்சேன். ஒருத்தரும் பறிக்கலையே." நகவெட்டியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு போய்விட்டார். அதற்குப் பிறகு வரவில்லை. ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன்.

ஒரு வாரம் போயிருக்கும். வேலை முடிந்து வந்தவர் பாத்தி முன் குந்தி, வெகுநேரம் பார்த்துவிட்டுக் கூப்பிட்டார்.

"ஏம்மே, இங்க வா. நீ காவல் காத்தியே, இந்த மூணு வரிசையும் இன்னா ஆச்சு பாரு."

பார்த்தேன். இதழ்கள் உதிர்ந்து, பூ இருந்த இடத்தில் எல்லாம் பழுப்பு உருண்டைகள். விதை கட்டியாகிவிட்டது. செடிகளும் இனி வேலை முடிந்தது என்று காய ஆரம்பித்திருந்தன. புது மொட்டு ஒன்றுகூட இல்லை.

"இப்ப அந்தாண்ட பாரு. மாமா கை வெச்ச வரிச."

சுவரோர வரிசையில் புதுக் கிளை, புது மொட்டு, புதுப் பூ. வெட்ட வெட்டத் துளிர்த்திருக்கிறது. அவர் நின்றுபோன இந்த ஒரு வாரத்தில் அதிலும் அங்கங்கே உருண்டை கட்டத் தொடங்கியிருந்தது. சேர்த்து வைத்தேனே, ஒவ்வொன்றாய் எண்ணிப் பார்த்துச் சேர்த்து வைத்தேனே, அதுவே செடியைக் கொன்றிருக்கிறது. ஈஸ்டருக்கு இன்னும் நாள் கிடந்தது. உறைக்குள் அக்காவின் லில்லி காத்துக்கொண்டிருந்தது.

"தினம் நீயே வெட்டிப்போடு" என்றார் இவர்.

நான் முயன்றேன். மறுநாள் காலை கத்தரிக்கோலோடு போய் ஒரு பூவை வெட்டிவிட்டேன். வெட்டிய பிறகு அதை என்ன செய்வது? தலையில் வைக்க முடியாது. கோயிலில் வைக்க முடியாது. எங்கள் வீட்டில் லெந்து நாட்களில் மேஜைமேல்கூடப் பூ வைத்ததில்லை, அம்மா பழக்கிய பழக்கம். அம்மாவின் மணிக்கட்டில் இருந்ததைப் போன்ற ஒன்றைக் குப்பையில் போடக் கை வரவில்லை. அந்த ஒரு பூவைக் கையில் வைத்துக்கொண்டு கிணற்றடிக்கும் வாசலுக்குமாக நடந்தேன். கடைசியில் நான் வேலைக்குப் போகிற ரயிலும் போய்விட்டது.

அன்று சாயங்காலம் ரோஷத்தை எல்லாம் மடித்து வைத்துவிட்டு மாமா வீட்டுக் கதவைத் தட்டினேன். அவர் பயந்துவிட்டார்.

"நான் வரலையேம்மா. சத்தியமா அந்தப் பக்கமே வரலை."

"அதான் கேக்க வந்தேன். ஏன் வர்றதில்ல?"

"நீங்கதானே திருடன்னு..."

"இப்பயும் அதான் சொல்றேன். நாளையிலேர்ந்து வந்து திருடுங்க."

அவர் குல்லாவைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்தார். விஷயத்தைச் சொன்னேன். "எனக்கு லெந்து மாமா. உங்க பிள்ளையாருக்கு இல்லியே. குருத்தோலை ஞாயிறு வரைக்கும் தெனம் வெட்டிக்கோங்க. ஈஸ்டருக்கு முந்தின அந்த ஒரு வாரம் மட்டும் கை வைக்கக் கூடாது. அது எனக்கு."

"திருடறதுன்னு சொல்லாதீங்கம்மா. கேக்காம எடுத்தேன், அவ்ளோதான்" என்றார். பிறகு கொஞ்சம் தயங்கி, "கேட்டுட்டு எடுத்தா அவ்வளவு நல்லா இருக்குமான்னு தெரியல, பாக்கலாம்" என்றார்.

மறுநாள் முதல் நகவெட்டிச் சத்தம் கேட்டுத்தான் எழுந்தேன். சுவரோர வரிசை மறுபடி நிமிர்ந்தது. ஸ்டேஷன் ரோடு முனையில் பிள்ளையார் தலை நிறைய என் பூவோடு உட்கார்ந்திருந்தார். தினம் காலையில் ரயிலுக்குப் போகும்போது அவரைப் பார்த்தும் பார்க்காத மாதிரி போவேன். ஆனால் அக்கா பார்த்துவிட்டார்.

"ஏளா, அந்த முனைல இருக்க பிள்ளையார் தலைல இருக்கது உன் தோட்டத்துப் பூ மாதிரில்லா இருக்கு?"

"அப்படியாக்கா? நான் அந்தப் பக்கம் பாக்கறதேயில்ல. லெந்து பாருங்க."

லெந்தில் பொய் சொன்னதற்கும் சேர்த்து அன்று ராத்திரி ஜெபித்தேன்.

குருத்தோலை ஞாயிறு வந்தது. ஒப்பந்தப்படி மாமா நிறுத்திவிட வேண்டும். திங்கட்கிழமை எழுந்து பார்த்தால், விரிந்த பூ ஒன்றுகூட இல்லை. செவ்வாயும் அப்படியே. புதனும் அப்படியே. நான் எழுவதற்கு முன்பே, சத்தம் வராமல் வெட்டிக்கொண்டு போயிருந்தார். கோபத்தில் பிள்ளையார் பக்கம்கூடத் திரும்பாமல் ரயிலுக்குப் போய்வந்தேன். கூப்பிட்டு விருந்து வைத்தவளின் தலையிலேயே கை வைத்துவிட்டாரே! மாலையில் ஸ்டேஷனிலிருந்து நேராக அவர் வீட்டுக்குப் போனேன், பூட்டு தொங்கியது. எதிரே வந்த அக்கா, "லில்லியக் கழுவிட்டேன் கேட்டியா" என்றார்.

பெரிய வெள்ளி. வெள்ளைப் புடவை கட்டிக்கொண்டு மதியம் மூன்று மணி நேரம் நடக்கும் மும்மணி ஆராதனையில் உட்கார்ந்திருந்தேன். பிரசங்கம் முழுக்க மன்னிப்பைப் பற்றி. போதகர் உருகிப் பேசினார். எனக்கு நகவெட்டிதான் கண்ணில் தெரிந்தது. அம்மாவுக்காக எடுத்த முடிவு, சபைக்கு முன்னால் சொன்ன சொல், எல்லாம் போய், அவள் நினைவுக்கும் கழுவின பிளாஸ்டிக்தான் என்று ஆகிவிட்டதே! ஆமென் சொன்ன வாயை மூடாமலேயே சண்டைக்குக் கிளம்பினேன். என் பின்னால் இவர், "பெரிய வெள்ளிமே, இன்னிக்கி வோணாம்மே" என்று கெஞ்சிக்கொண்டே வந்தார்.

வழியில் பிள்ளையாரைப் பார்த்து முறைக்கலாம் என்று நின்றேன். அவர் தலையில் பூ இல்லை. வாடின அருகம்புல் மட்டும் இருந்தது. எனக்குக் குழப்பம். பிறகு எங்கேதான் போனது என் பூ?

மாமா கதவைத் திறந்தார். "எங்க மாமா என் பூ?" என்று கேட்டேன். தெருவே திரும்பிப் பார்க்கிற மாதிரிக் கேட்டேன்.

அவர் என்னைக் குளியலறைக்குக் கூட்டிப்போனார். இருட்டான, குளிர்ந்த குளியலறை. ஈரத்துணி போர்த்திய ஒரு பிளாஸ்டிக் வாளி. துணியை விலக்கினார். வாளி நிறைய வெள்ளை. அன்றுதான் விரிந்தவை மாதிரி அத்தனை பூவும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தன.

"சுவரோரம் உங்க வேட்டிப் பந்தல் எட்டலை, பகல் வெயில் பட்டு இதழோரம் கருகிப்போகுதும்மா. திங்கக்கிழமை வந்து பாத்தேன், மனசு கேக்கலை. அதான் இருட்டோட வந்து வெட்டி, தண்ணியில போட்டேன். சொல்லலாம்னா நீங்க கத்துவீங்களோன்னு பயம். தெனம் தண்ணி மாத்தினேன்."

"பிள்ளையார் வெறுந்தலையோட இருக்காரே மாமா."

"அவருக்கும் ஒரு வாரம் லெந்துன்னு சொல்லிட்டேன்" என்றார்.

நான் அங்கேயே, அந்த வாளி முன்னாலேயே அழுதுவிட்டேன். அடக்கத்தில் வராத அழுகை அது, ஒரு வருஷத்து அழுகை. இவர் என்ன செய்வதென்று தெரியாமல் மாமாவிடம், "இனிமே நீங்க தண்ணி மாத்த வோணாம் சார், இவ அழுவுறதே போதும்" என்றார்.

ஈஸ்டர் விடியற்காலை ஆராதனையில் பீடத்தின் இரு பக்கமும் அம்மாவின் பூ நின்றது. போதகர் அறிவிப்பில் அவள் பெயரை வாசித்தார். அவள் பெயரைக் கடைசியாக அந்த மேடையிலிருந்து கேட்டது பெட்டி கிடந்த நாளில். செயலாளர் அக்கா பீடத்துக்குப் பக்கத்தில் வந்து, யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துக்கொண்டு, ஒரு இதழை இரண்டு விரலால் கிள்ளிப் பார்த்தார். அது கிழிந்துவிட்டது. சட்டென்று கையை இழுத்துக்கொண்டார்.

"நெசந்தான்" என்றார் என்னிடம் வந்து. பிறகு மெதுவாக, "உங்கம்மைக்கு நல்லா இருக்குளா" என்றார். அந்த வளையத்துக்காக அவர்மேல் வைத்திருந்த கோபத்தில் பாதி அப்போது போனது. மீதியை இன்னும் வைத்திருக்கிறேன், சும்மா விடுவதற்கில்லை.

ஆராதனை முடிந்ததும் பீடத்துப் பூவை எந்த வியாதியஸ்தர் வீட்டுக்குக் கொண்டுபோவது என்று பேச்சு வந்தது. நான் பார்த்துக்கொள்கிறேன் என்று வாங்கிக்கொண்டேன். நேராக அடுத்த தெருவுக்குப் போனேன்.

"இந்தப் பூவை வியாதிக்காரங்க வீட்லதான் கொடுக்கணும் மாமா, அது எங்க வழக்கம்."

மாமா குல்லாவோடு விழித்தார். "எனக்கு என்னம்மா வியாதி?"

"பூ திருடற வியாதி. ரொம்ப வருஷமா இருக்கு போல."

இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். மறுநாள் ரயிலுக்குப் போகும்போது முனையில் நின்று, முதல் முறையாக நேராகவே பார்த்தேன். பீடத்தில் இருந்த பூ அத்தனையும் பிள்ளையார் தலையில் இருந்தது. அம்மா பார்த்திருந்தால் முதலில் என்னைத் திட்டியிருப்பாள், பிறகு அந்த மணிக்கட்டால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்திருப்பாள், குண்டூசி குத்தியிருக்கும்.